பொழிமுகத்தில் ஒரு கேமரா: வாசகர் கேள்வி – பதில்

தனியாளாக நின்று சோதனை ஆவணப்படம் எடுக்கிற, எடுக்க நினைக்கிற குமரி மாவட்ட வாசகர்களின் கேள்விகளுக்கு இந்த இதழில் இடம். ஒரே சங்கதியைக் கேட்ட கடிதங்களை ஒன்றாகச் சேர்த்துவிட்டோம். ‘எந்தக் கேமரா வாங்கலாம்?’ என்று மட்டும் கேட்டவர்களுக்குத் தனிப்பதில் இல்லை: கையில் இருக்கிற கேமராவில் எடுங்கள், மிச்சக் காசுக்கு மைக்கும் ஹெட்ஃபோனும் வாங்குங்கள்.

கே: சோதனை ஆவணப்படம் என்றால் கேமராவை ஆட்டி, படத்தை மங்கலாக்கி, பின்னால் ஓர் இரைச்சலைப் போடுவதுதானே என்று நண்பர்கள் கேலி செய்கிறார்கள். என்ன பதில் சொல்ல? – குளச்சல்

ப: கேலியில் பாதி நியாயம் இருக்கிறது. அப்படி வரும் படங்களும் உண்டு.

எடுக்கும் பொருள் எப்படி நடக்கிறதோ, அதிலிருந்தே படத்தின் விதியை எடுத்துக்கொள்வதுதான் சோதனை. முப்பந்தலில் ஒரு காற்றாலையின் கீழே நிற்கிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். மூன்று இறக்கை, நிமிடத்துக்கு 20 சுற்று என்றால் தரையில் நொடிக்கு ஒரு நிழல் விழும். அந்த நிழல் கடக்கும் கணத்தில் மட்டுமே காட்சியை வெட்டுவேன் என்று முடிவு செய்தால் படத்தின் தாளத்தை ஆலை கொடுத்துவிடும், பின்னணி இசை தேவைப்படாது. காற்று கூடினால் தாளமும் கூடும். அதே விதியைக் கரமடி (கரையில் நின்று கயிற்றால் இழுக்கும் வலை) இழுப்புக்குப் போட்டால் அசட்டுத்தனமாக இருக்கும். அங்கே வேலை வெட்டுப்படாமல் மணிக்கணக்கில் நீள்வது. கயிறு கரையேறி முடியும்வரை வெட்டாமல் பார்ப்பதுதான் அதற்குப் பொருந்தும். உங்கள் விதியை எந்தப் பொருளுக்கும் தூக்கி மாட்ட முடிகிறதென்றால் அது வெறும் அலங்காரம். படப்பிடிப்புக்கு முன் விதியை ஒரு வரியில் தாளில் எழுதுங்கள். எழுத வரவில்லை என்றால் இன்னும் விதி பிடிபடவில்லை.

இது வெளிநாட்டுச் சரக்கு என்று சொல்பவர்களுக்கு ஒரு தகவல்: 1948-இல் தொடங்கிய, அரசின் ஆவணப்பட நிறுவனமான ஃபிலிம்ஸ் டிவிஷனுக்குள்ளேயே 1960-களில் இயக்குநர்கள் பிரமோத் பதியும் எஸ்.என்.எஸ். சாஸ்திரியும் இதைச் செய்தார்கள்.

கே: முட்டம் பாறைமேல் பதிவு செய்த பேட்டி முழுக்கக் காற்று இரைச்சல். மென்பொருளில் சுத்தம் செய்தால் குரல் தகரடப்பாவுக்குள் பேசுவதுபோல் ஆகிறது. – முட்டம்

ப: நீங்கள் பதிவில் கேட்பது காற்றின் ஓசை இல்லை. காற்றுச்சுழல் மைக்கின் சவ்வில் நேராக மோதும் அழுத்தம் அது. அந்த அழுத்தம் எல்லை தாண்டினால் ஒலி அலையின் முனை வெட்டுப்படும். வெட்டுப்பட்ட இடத்தில் குரலே பதிவாகவில்லை. இல்லாததை எந்த மென்பொருள் மீட்கும்? 32 பிட் ஃப்ளோட் ரெக்கார்டர் வைத்திருப்பதாக எழுதியிருக்கிறீர்கள். எல்லையில் முட்டி நிற்பது ரெக்கார்டர் இல்லை, மைக். ரெக்கார்டர் எவ்வளவு தாங்கினாலும் இதற்குப் பயன் இல்லை.

மைக்கோடு வரும் பஞ்சு உறை மின்விசிறிக் காற்றுக்குத்தான் சரி. கடற்கரைக்கு முடித்துணி வேண்டும், அதுவும் மைக்கை ஒட்டி இறுகக் கட்டினால் பாதிப் பலன்தான். மைக்குக்கும் துணிக்கும் நடுவே 2 முதல் 3 செ.மீ. காற்று அசையாமல் நிற்கும் இடைவெளி இருக்கவேண்டும். வேலை செய்வது அந்த இடைவெளிதான். கடையில் வாங்கினால் விலை அதிகம், வீட்டிலேயே செய்யலாம்: செடிக்குப் போடும் பிளாஸ்டிக் வலையைக் குழாயாகச் சுருட்டி, இரு முனையையும் மூடி, மேலே மெல்லிய பருத்தித் துணி, அதற்கும் மேலே பொம்மை தைக்க விற்கும் 3 செ.மீ. முடியுள்ள துணி. உள்ளே மைக்கை ரப்பர் பேண்டுகளில் தொங்கவிடுங்கள், குழாயில் எங்கும் படக்கூடாது. ரெக்கார்டரில் 80 ஹெர்ட்ஸுக்குக் கீழே வெட்டும் வசதியை இயக்குங்கள், பேச்சுக்கு அதன்கீழ் ஒன்றும் இல்லை. பதிவு அமைப்பு: 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட், உரத்த இடங்கள் மைனஸ் 12 டெசிபலைத் தொடும்படி அளவு.

இத்தனையும் செய்துவிட்டுப் பாறை உச்சியில் உட்காரவைத்தால் வீண். தரைக்கு நெருங்க நெருங்கக் காற்றின் வேகம் குறையும். மணலில் ஏற்றி வைத்த வள்ளத்தின் மறைவு, குவித்த வலையின் பின்புறம் என்று ஆளை உட்காரவையுங்கள். கடற்காற்று முற்பகலில் எழும்பிப் பிற்பகலில் உச்சம் போகும். விடிகாலையில் பேசவைத்தால் பாதிப் பிரச்சினை இல்லை. கச்சான் (தென்மேற்குப் பருவக்காற்று) வீசும் ஜூன் முதல் செப்டம்பர்வரை திறந்த கரையில் பேட்டியே வேண்டாம். வலை முடையும் இடத்துக்குள் வைத்துக்கொள்ளுங்கள்.

அலையோசை பற்றியும் கேட்டிருந்தீர்கள். தூரத்திலிருந்து எடுத்த அலை, ஒலிபெருக்கியில் பழைய டிவியின் புள்ளி இரைச்சல்போலத்தான் கேட்கும். நுரை மணலில் வடிந்து குமிழி உடைவதை ஒரு சாண் உயரத்தில் மைக் பிடித்துத் தனியாக எடுங்கள். 27 மி.மீ. பீசோ வில்லை (அதிர்வை மின்சாரமாக்கும் தட்டு) ஒன்றை வள்ளத்தின் விளிம்புப் பலகையில் ஒட்டினால் கயிறு உரசுவதும் மரம் முனகுவதும் மரத்தின் உள்ளிருந்தே வரும். ஆனால் அதைச் சாதாரண மைக் துளையில் சொருகினால் அடி ஒலி முழுக்கப் போய்க் கீச்சொலிதான் மிஞ்சும். உள்ளீட்டு மின்தடை 1 மெகாஓம் அளவு வேண்டும். கிதார் செருகும் துளையுள்ள கருவி என்றால் சரி. எந்த இடத்தை விட்டுக் கிளம்பும் முன்பும் யாரும் பேசாமல் ஒரு நிமிடம் வெறும் இட ஒலி பதிவு செய்யுங்கள். எடிட்டிங்கில் ஒட்டுப்போட அதுதான் துணி.

கே: லென்ஸில் வெள்ளைப் படலம். துடைத்தால் கோடு விழுகிறது. – மணவாளக்குறிச்சி

ப: படலம் உப்பு. கோடு போடுவது உங்கள் ஊர் மணல். அந்த மணலில் இல்மனைட், மோனசைட்டோடு கார்னெட்டும் இருக்கிறது. கார்னெட் கண்ணாடியைவிடக் கடினம். உப்புத்தாள் செய்யப் பயன்படுவது. சட்டை நுனியால் லென்ஸைத் துடைப்பது உப்புத்தாளால் தேய்ப்பதற்குச் சமம்.

முதலில் ரப்பர் ஊதுகுழலால் ஊதுங்கள், வாயால் ஊதவேண்டாம். அடுத்து லென்ஸ் துணியில் பேட்டரிக்கு ஊற்றும் காய்ச்சி வடித்த நீர் இரண்டு சொட்டு விட்டு, தேய்க்காமல் ஒற்றி எடுங்கள். உப்பு கரைந்தால்தான் போகும். கடைசியாக உலர்ந்த துணி. கடற்கரையில் முன்னால் ஒரு யுவி ஃபில்டர் எப்போதும் இருக்கட்டும். கோடு விழுந்தால் அதோடு போகும். காந்தத்தால் சட்டையில் ஒட்டும் சின்ன வயர்லெஸ் மைக்கை மணலில் வைக்காதீர்கள். கருமணல் மீசைபோல் ஒட்டிக்கொள்ளும், நுண்துளைக்குள் போனால் எடுக்க முடியாது.

வீட்டில், மூடி இறுகும் சமையலறை டப்பாவில் சிலிக்கா ஜெல்லோடு வையுங்கள். உள்ளே ஈரப்பதம் 40 முதல் 50 சதவீதம். 65-ஐத் தாண்டினால் லென்ஸுக்குள் பூஞ்சை பிடிக்கும். நீல ஜெல் வெளிறி இளஞ்சிவப்பானால் வாணலியில் மெல்லிய சூட்டில் நீலம் திரும்பும்வரை வறுத்து, பிறகு அந்த வாணலியைச் சமையலுக்கு எடுக்காதீர்கள். அரிசிக்குள் கேமராவைப் புதைக்கும் வழக்கம் வேண்டாம், மாவுத்தூள் உள்ளே போகும்.

கே: ஆறு கடலில் சேரும் பொழிமுகத்து மணல்திட்டு வளர்வதையும் உடைவதையும் ஒரு வருடம் ஒரே இடத்திலிருந்து எடுக்கிறேன். தினமும் காலை 6 மணி. ஆனால் வரிசையாக ஓட்டினால் திட்டு இதயம்போல் துடிக்கிறது. – மணக்குடி

ப: துடிப்பது திட்டு இல்லை, வேலியேற்றம். ஏற்ற நேரம் நாளுக்குச் சுமார் 50 நிமிடம் தள்ளிப்போகும். அதனால் இன்றைய 6 மணிக்கு நீர் வற்றியிருந்தால் ஒரு வாரத்தில் அதே 6 மணிக்கு ஏறியிருக்கும். நம் கரையில் ஏற்றத்துக்கும் இறக்கத்துக்கும் வித்தியாசம் ஒரு மீட்டருக்கும் குறைவுதான் என்றாலும், சரிவில்லாத திட்டில் அந்த ஒரு முழம் பல அடி அகலத்தை விழுங்கிவிடும்.

வழி உங்கள் வீட்டு நாட்காட்டியிலேயே இருக்கிறது. ஒவ்வொரு அமாவாசைக்கும் ஏற்றம் ஏறத்தாழ ஒரே மணிக்கு வரும். அமாவாசை அன்று மட்டும் எடுத்தால் 12 அல்லது 13 படம், பௌர்ணமியும் சேர்த்தால் 25. அவற்றை மட்டும் அடுக்குங்கள், மணலின் அசைவு மட்டும் தெரியும். எடுத்துவைத்த மற்ற நாட்களையும் வீசிவிடாதீர்கள். திட்டு ‘துடிக்கிற’ வடிவத்தை அதன் பக்கத்தில் ஓடவிட்டால் நிலவின் வேலையும் மணலின் வேலையும் தனித்தனியாகத் தெரியும். நீங்கள் பிழை என்று எழுதியதுதான் இதில் சுவையான பாதி.

முக்காலியின் இடத்தை மணலில் குறிக்காதீர்கள். பாலத்துக் கைப்பிடி, கல் என்று நகராத ஒன்றில் பெயின்ட் புள்ளி வையுங்கள். லென்ஸ் உயரம், குவியத்தூரம், ஃபிரேமின் இடது விளிம்பில் எந்தத் தென்னை, வலது விளிம்பில் எது, எல்லாம் குறிப்பேட்டில். தென்னை விழுந்துவிடலாம். இரண்டு அடையாளம் வைத்துக்கொள்ளுங்கள்.

கே: மதியக் கடற்கரை வெளுத்துப் போகிறது. ஷட்டரைக் கூட்டினால் அலை வெட்டிவெட்டி அசைகிறது. – சொத்தவிளை

ப: என்டி ஃபில்டர் (வெளிச்சத்தை மட்டும் குறைக்கும் கறுப்புக் கண்ணாடி) வாங்குங்கள். எந்த எண் என்பதற்குக் கணக்கு: முழு வெயிலில் ஐஎஸ்ஓ 100, எஃப் 16, 1/100 நொடி சரியான அளவு. 25 ஃபிரேமுக்கு ஷட்டர் 1/50. அதில் வெளிச்சம் ஒரு படி, அதாவது இரு மடங்கு, கூடுகிறது. எஃப் 5.6-க்குத் திறந்தால் மூன்று படி. மொத்தம் நான்கு, அதாவது என்டி 16. கேமராவின் லாக் முறை (பிறகு நிறம் திருத்துவதற்காக வெளிறிய படமாகப் பதிவது) ஐஎஸ்ஓ 800-இல் தொடங்கினால் இன்னும் மூன்று, என்டி 128. வெள்ளை மணலும் நுரையும் மேலும் ஒரு படி கேட்கலாம். இரண்டு போலராய்டைச் சேர்த்துத் திருப்பும் மலிவு ஃபில்டரை அகன்ற லென்ஸில் போட்டால் வானத்தில் கறுப்பாகப் பெருக்கல் குறி விழும்.

1/50-ஐ விடாமல் பிடித்துக்கொள்ள இன்னொரு காரணம், நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். 24 ஃபிரேம், 1/48 என்று வைத்தால் டியூப்லைட்டின் கீழ் பட்டை ஓடலாம்.

கே: கேமராவே இல்லாமல் பிலிமில் இலையை வைத்துப் படம் எடுக்கலாமாமே? இங்கே பூவுக்குப் பஞ்சமில்லை. – தோவாளை

ப: எடுக்கலாம். டச்சுக் கலைஞர் கரெல் டூயிங் இதற்கு ஃபைட்டோகிராம் என்று பெயர் வைத்தார். இலையில் உள்ள ஃபீனால் வகைப் பொருட்கள், சோடாவும் வைட்டமின் சியும் சேரும்போது பிலிம் கழுவும் மருந்தாக வேலை செய்கின்றன. இலை தொட்ட இடம் மட்டும் கறுக்கிறது. நரம்பு, நுண்துளை, பூச்சி தின்ற ஓட்டை எல்லாம் விழும்.

தேவை: பழைய கறுப்பு வெள்ளை 35 மி.மீ. பிலிம் ரோல்; காலாவதியானதே போதும், ஊரில் மூடிய ஸ்டுடியோக்களில் கேட்டுப்பாருங்கள். ஒரு லிட்டர் வெதுவெதுப்பான நீருக்குச் சலவைச் சோடா சுமார் 50 கிராம், வைட்டமின் சி தூள் 15 கிராம். சமையல் சோடா வேறு, அது வேலை செய்யாது. சலவைச் சோடாவும் பளபளக்கும் படிகமாக இருந்தால் அதில் பெரும்பகுதி நீர், 2.7 மடங்கு, அதாவது 135 கிராம் போடவேண்டும். ஆரஞ்சு நிறச் சப்பும் மாத்திரையை இடித்துப் போடாதீர்கள். சர்க்கரையும் சாயமும் பிலிமில் பிசுபிசுக்கும். முதலில் சோடாவைக் கரைத்து, பிறகு தூளைச் சிறிது சிறிதாகப் போடுங்கள். நுரைத்துப் பொங்கும், பாத்திரம் பெரிதாக இருக்கட்டும்.

மரிக்கொழுந்து, பிச்சி இதழ் போன்ற மென்மையானவற்றுக்கு 10 முதல் 15 நிமிட ஊறல். மெழுகுத்தோல் உள்ள தடித்த இலையை லேசாக நசுக்கி இரவு முழுக்க ஊறவிடுங்கள். அரளி நஞ்சு, கையுறை போடாமல் நசுக்காதீர்கள். இருட்டறை தேவையில்லை, பகல் வெளிச்சத்திலேயே பிலிமை உருவலாம். எந்தப் பக்கம் மருந்துப் பக்கம் என்று தெரிய, ஓரத்தை ஈர உதட்டில் வைத்துப் பாருங்கள். ஒட்டுகிற பக்கம்தான். அதன்மேல் இலையைப் பரப்பி, மேலே கண்ணாடி, அரை மணியிலிருந்து ஒரு மணி நேரம் வெளிச்சம்.

தோவாளை வெயிலில் கெடுவது இங்கேதான். மருந்துப் படலம் ஜெலட்டின். 35 டிகிரிக்குமேல் அது இளகும். கண்ணாடிக்கு அடியில் இலை காய்ந்து ஒட்டிக்கொண்டு, உரிக்கும்போது படலத்தையும் பெயர்த்துக்கொண்டு வரும். ஆகவே காலை 9 மணிக்குள், அல்லது மரநிழலில். ஓரம் காய்கிறதென்றால் கரைசல் தெளியுங்கள். பிடிவாதமாக ஒட்டியிருந்தால் இழுக்காமல் நீரில் போட்டுவிடுங்கள், தானே மிதந்து வரும்.

கழுவி, ஃபிக்சரில் (படத்தை நிலைக்கவைக்கும் மருந்து) 5 முதல் 10 நிமிடம். எக்ஸ்ரே கூடங்களுக்கு விற்கும் ஃபிக்சரே போதும். பிறகு ஓடும் நீரில் 20 நிமிடம், நிழலில் தொங்கல். பயன்படுத்திய ஃபிக்சரில் வெள்ளி இருக்கிறது. கிணற்றடியிலோ வாய்க்காலிலோ ஊற்றாமல் கேனில் சேர்த்து, எக்ஸ்ரே பிலிம் எடுக்கும் பழைய சாமான் வியாபாரியிடம் விசாரியுங்கள்.

36 படம் கொண்ட ரோலின் நீளம் ஏறத்தாழ 1.6 மீட்டர். சினிமா ஃபிரேமுக்கு நான்கு துளை என்று வெட்டிப் பார்த்தால் சுமார் 84 ஃபிரேம், 24 வேகத்தில் மூன்றரை நொடிதான். அதனால் ஃபிரேமாகப் பார்க்காதீர்கள். பால் நிற அக்ரிலிக் பலகைக்குப் பின்னால் வெளிச்சம் வைத்து, மேக்ரோ லென்ஸின் கீழ் நொடிக்கு 1 செ.மீ. வீதம் பிலிமை இழுங்கள். 160 நொடி கிடைக்கும்.

கே: 2004 சுனாமி நாட்களில் எடுத்த மினிடிவி நாடாக்களும், அதற்கு முந்தைய கல்யாண விஎச்எஸ் கேசட்டுகளும் வீட்டில் கிடக்கின்றன. படத்தில் சேர்க்கவேண்டும். – நாகர்கோவில்

ப: முதலில் ஓட்டிப் பார்க்காதீர்கள். கேசட்டின் ஜன்னல் வழியாக டார்ச் அடித்து நாடாச் சுருளின் விளிம்பைப் பாருங்கள். வெள்ளைப் பொடியோ சிலந்திவலையோ தெரிந்தால் பூஞ்சை. அப்படி ஒன்றை ஓட்டினால் பிளேயரின் தலையில் ஒட்டி, அடுத்துப் போடும் நல்ல நாடாவுக்கும் போகும். அதைச் சுத்தம் செய்பவரிடம் தனியாகக் கொடுங்கள்.

மினிடிவியில் இருப்பது ஏற்கெனவே எண்மத் தகவல். ஃபயர்வயர் கம்பியில் எடுத்தால் தரம் ஒரு துளியும் குறையாது, ஒரு மணி நேரத்துக்குச் சுமார் 13 ஜிபி. டிவிக்குப் போகும் மஞ்சள் கம்பியில் எடுத்தால் எண்மத்தை அனலாக் ஆக்கி மறுபடி எண்மமாக்குகிறீர்கள். எடுக்கும் முன் ஒருமுறை முழுக்க முன்னும் பின்னும் ஓட்டிச் சுருளைத் தளர்த்துங்கள். விஎச்எஸ்ஸில் படம் மேற்பகுதியில் வளைந்தால் டைம்பேஸ் கரெக்டர் (வரிகளின் நேரத்தைச் சீராக்கும் வசதி) உள்ள பிளேயரில் எடுக்கவேண்டும்.

இந்த நாடாக்களிலிருந்து எடுக்கும் படம் 720க்கு 576, இடைவரி முறை. நொடிக்கு 50 அரைப்படம். 25 முழுப்படமாக்கினால் பாதி அசைவு தொலையும், 50 ஆக விரித்து வைத்துக்கொள்ளுங்கள். திரையை நிரப்ப மேலும் கீழும் வெட்டவேண்டாம். பக்கங்களில் கறுப்போடு இருக்கட்டும், அந்தச் சதுரம்தான் அந்தக் காலத்தின் முகம். நாடாவில் சடலமோ அழுகிறவரோ இருந்தால், குடும்பத்தைத் தேடிக் காட்டிச் சம்மதம் வாங்காமல் சேர்க்காதீர்கள். இருபது வருடம் ஆனதால் அது பொதுச்சொத்தாகிவிடாது.

கே: விடியலுக்கு முன் ரப்பர் பால் வெட்டுவதை எடுக்கிறேன். தலைவிளக்கு வெளிச்சத்தில் கறுப்புப் பட்டை ஓடுகிறது. – குலசேகரம்

ப: விளக்கு துடிக்கிறது. மலிவு எல்இடி விளக்குகள் மங்கல் நிலையில் வேகமாக அணைந்து எரியும். முழு வெளிச்சத்தில் பெரும்பாலும் துடிப்பு நின்றுவிடும். வெட்டுகிறவரிடம் விளக்கை முழுதாக வைக்கச் சொல்லுங்கள். முடியாவிட்டால் ஷட்டரை 1/50-லிருந்து 1/25-க்கு இறக்கிப் பாருங்கள்.

கூடுதல் விளக்கு கொண்டுபோகாதீர்கள். எஃப் 1.8, ஐஎஸ்ஓ 3200-இல் கத்தி, பட்டை, வழியும் பால் மட்டும் தெரிந்தால் போதும். அவர் பார்ப்பதும் அவ்வளவுதான். மரத்துக்குள் அழுத்தம் கூடியிருப்பது அந்த நேரத்தில்தான், அதனால்தான் இருட்டில் வெட்டுகிறார்கள். வெயில் ஏறினால் ஒழுக்கு குறையும். ஒரு சிரட்டையை மட்டும், முதல் சொட்டிலிருந்து ஒழுக்கு நிற்கும்வரை ஒரே ஷாட்டில் வைத்தால் இருட்டிலிருந்து பகல்வரை விடியலும் அதிலேயே வந்துவிடும். இரண்டு மூன்று மணி நேரத்துக்கு மின்வங்கியிலிருந்து கம்பி வைத்துக்கொள்ளுங்கள். நொடிக்கு 100 மெகாபிட் பதிவில் மணிக்கு 45 ஜிபி போகும்.

கே: எங்கள் கடற்கரைப் பேச்சுக்குத் தமிழிலேயே சப்டைட்டில் போடச் சொல்கிறார்கள். அவமானமாக இருக்கிறது. – தூத்தூர்

ப: கோபம் புரிகிறது. ஆனால் போடாவிட்டால் வரும் சேதத்தைப் பாருங்கள். ஒக்கிப் புயலில் கடலில் கிடந்த ஒருவர், “ரெண்டு நாளா வெள்ளம் இல்ல” என்கிறார் என்று வையுங்கள். நமக்குக் குடிநீர் இல்லை என்று பொருள். மதுரைக்காரருக்கு வெள்ளப்பெருக்கு வடிந்துவிட்டது என்று கேட்கும். ஆங்கிலத்துக்கு மாற்றுகிறவரும் அவர் கேட்டதைத்தான் எழுதுவார். “சக்க தின்னோம்” என்றால் பலாப்பழம் என்று தஞ்சாவூரில் யாருக்குத் தெரியும்?

அதற்காகப் பேச்சை மேடைத்தமிழாக்கி எழுதவேண்டாம். பேசியதைப் பேசியபடியே எழுதுங்கள், புரியாத சொல்லுக்கு மட்டும் பக்கத்தில் பொருள். ‘கச்சான்’ என்பதைத் ‘தென்மேற்குப் பருவக்காற்று’ என்று மாற்றினால் அந்தச் சொல்லோடு வருகிற பயம் போய்விடும். இரண்டு வரிக்கு மேல் வேண்டாம், ஒன்றரை நொடிக்குக் குறைவாக எதுவும் நிற்கவேண்டாம். ஆங்கில வரிகளை ஊர்க்காரர் ஒருவர் பக்கத்தில் உட்கார்ந்து பார்க்காமல் முடிக்காதீர்கள்.

‘கொ’, ‘கோ’ எழுத்துகள் உடைந்து கொம்பு இடம் மாறுகிறதென்று எழுதியிருக்கிறீர்கள். பிரீமியர் எடிட்டிங் மென்பொருளில், அமைப்புகளில் கிராபிக்ஸ் பகுதிக்குப் போய், தெற்காசிய எழுத்துகளுக்கான வசதியைத் தேர்ந்து, மறுபடி திறவுங்கள். வேறு மென்பொருளில் சரியாக வரவில்லை என்றால் ஏஜிசப் என்ற சப்டைட்டில் மென்பொருளில் நோட்டோ சான்ஸ் தமிழ் எழுத்துருவில் அமைத்துப் படத்தோடு பொறித்துவிடலாம்.

கே: செல்போனில் எடுத்த படமும் தனி ரெக்கார்டர் ஒலியும் தொடக்கத்தில் பொருந்தி, போகப்போக விலகுகின்றன. – களியக்காவிளை

ப: செல்போன் நிலையான வேகத்தில் எடுப்பதில்லை. வெளிச்சத்துக்கும் சூட்டுக்கும் ஏற்ப 25-ஐ 24.7, 25.1 என்று மாற்றிக்கொண்டே இருக்கும். எடிட்டிங்குக்கு முன் ஹேண்ட்பிரேக் என்ற மென்பொருளில் ‘நிலையான ஃபிரேம் வேகம் 25’ என்று மாற்றி எடுங்கள். அதன்பின் மிஞ்சுவது இரு கருவிகளின் கடிகார வித்தியாசம். பத்து லட்சத்தில் 20 பங்கு வித்தியாசம் இருந்தால் மணிக்கு 0.072 நொடி, கிட்டத்தட்ட இரண்டு ஃபிரேம். தொடக்கத்தில் ஒரு கைத்தட்டு, முடிவில் ஒரு கைத்தட்டு. முடிவுத் தட்டுதான் எல்லோரும் மறப்பது.

கே: எங்கெங்கே அனுமதி வாங்கவேண்டும்? – தக்கலை

ப: உங்கள் ஊர்ப் பக்கத்திலேயே பத்மநாபபுரம் அரண்மனை. 1956 நவம்பர் 1-இல் மாவட்டம் தமிழ்நாட்டோடு சேர்ந்த பிறகும் அது கேரளத் தொல்லியல் துறையின் பராமரிப்பில் இருக்கிறது. நாகர்கோவிலில் மனுக் கொடுத்து ஒன்றும் ஆகாது, திருவனந்தபுரம் போகவேண்டும். வட்டக்கோட்டை மத்தியத் தொல்லியல் துறை. சரணாலயக் காடு என்றால் 1972 வன உயிரினச் சட்டத்தின் 28-ஆவது பிரிவில் தலைமை வன உயிரினக் காப்பாளர் அனுமதி, மாவட்ட வன அலுவலகம் வழியாக. ட்ரோன் பறக்கவிடும் முன் அரசின் ட்ரோன் தளமான டிஜிட்டல் ஸ்கை வரைபடத்தில் அந்த இடத்தின் நிறத்தைப் பாருங்கள்.

கடற்கரை ஊரில் தாள் எதுவும் கேட்கமாட்டார்கள். ஆனால் பங்குத்தந்தையிடமும் ஊர்க் கமிட்டியிடமும் சொல்லாமல் முக்காலியை விரித்தால் ஒரே நாளில் வேலை நின்றுவிடும். கேமரா இல்லாமல் முதலில் போங்கள்.

கே: படம் முடிந்தது. சென்சார் சான்று இல்லாமல் ஊரில் திரையிடலாமா? விழாக்களுக்கு அனுப்பலாமா? – மார்த்தாண்டம்

ப: பொதுத் திரையிடலுக்கு 1952 சினிமாட்டோகிராஃப் சட்டப்படி சான்று வேண்டும். நமக்குச் சென்னை மண்டல அலுவலகம், விண்ணப்பம் இணையத்தில். இப்போது யுஏ வகுப்பு 7, 13, 16 வயது என்று மூன்றாகப் பிரிந்திருக்கிறது. யூடியூபில் ஏற்றச் சான்று தேவையில்லை. விழாக்கள் மத்திய அரசிடம் மொத்தமாக விலக்கு வாங்கித் திரையிடுகின்றன, ஆகவே அனுப்பலாம். விலக்கு எப்போதும் கிடைத்துவிடும் என்றும் இல்லை: 2017-இல் திருவனந்தபுரம் ஆவணப்பட விழாவில் மூன்று படங்களுக்கு அது மறுக்கப்பட்டது. அந்த விழா நமக்கு ரயிலில் போய்த் திரும்பும் தூரம். படம் அனுப்பாவிட்டாலும் போய்ப் பாருங்கள்.

பின்னணியில் கோயில் கொடை ஒலிபெருக்கியின் சினிமாப் பாட்டு கேட்கிறதென்றால் அனுப்பும் முன் யோசியுங்கள். ஒலிப்பதிவின் உரிமை வெளியான அடுத்த ஆண்டிலிருந்து 60 ஆண்டு. தவிர, பாட்டு ஓடும் காட்சியை நடுவில் வெட்டினால் பாட்டும் தாவும்.

கடற்கரையில் 12க்கு 7 அடித் துணி கட்டப்போவதாக எழுதியிருக்கிறீர்கள். அது பாய்மரம். நொடிக்கு 5 மீட்டர் காற்றில் சுமார் 12 கிலோ இழுக்கும், காற்று இரட்டித்தால் இழுப்பு நான்கு மடங்கு. சுண்ணாம்பு அடித்த சுவர் ஒன்றைப் பிடியுங்கள். 3000 லூமென் புரொஜக்டர் போதும், சூரியன் விழுந்து முக்கால் மணி நேரம் கழித்துத் தொடங்குங்கள். ஸ்பீக்கரைக் கடலுக்கு முதுகு காட்டி, ஊரைப் பார்த்து வையுங்கள். மறுநாள் விடியலுக்கு முன் கடலுக்குப் போகிறவர்கள் இருப்பார்கள், ஒன்பதுக்குள் முடித்துவிடுங்கள்.